தாமதம் திரையில் இல்லை

“டிவியில் கேம் ஆடினால் லேக் இருக்கத்தான் செய்யும். கேமிங் என்றால் தனியாக ஒரு மானிட்டர் வாங்கிவிடுங்கள்.” கடைக்காரர் இதைச் சொல்கிறார். யூடியூபில் பேசுகிறவர் இதைச் சொல்கிறார். அப்பாவிடம் பிஎஸ் 5 கேட்டு வாங்கிய பையன், அடுத்த மாதமே மானிட்டருக்கும் சேர்த்துப் பணம் கேட்பது இந்தப் பேச்சை நம்பித்தான். இந்தக் கருத்து தவறானது. ஹாலில் ஏற்கெனவே நன்றாக ஓடிக்கொண்டிருக்கும் டிவியைக் கேமுக்கு உதவாது என்று ஒதுக்கவைத்து, வீட்டுக்குத் தேவையில்லாத ஒரு செலவை இழுத்துவிடுகிறது. அதைவிட மோசம், குற்றத்தைச் செய்தது எதுவோ அதைத் தப்பவிட்டு, திரையின் மேல் பழியைப் போடுகிறது.

பட்டனை அமுக்கியதற்கும் அதன் விளைவு திரையில் தெரிவதற்கும் இடையில் என்ன நடக்கிறது என்று முதலில் பார்ப்போம். கன்ட்ரோலரிலிருந்து கட்டளை கன்சோலுக்குப் போகிறது. கேம் அதைக் கணக்கில் எடுத்து அடுத்த படத்தை வரைகிறது. வரைந்த படம் எச்டிஎம்ஐ கேபிள் வழியாக டிவிக்கு வருகிறது. விநாடிக்கு 60 படங்கள் என்றால் ஒரு படத்துக்கு 16.7 மில்லி விநாடி. டிவிக்கு வந்த படம் உடனே திரையில் ஏறிவிட்டால் பிரச்சினையே இல்லை. ஆனால் டிவிக்குள் ஒரு சிறு கணினி உட்கார்ந்திருக்கிறது. அது படத்தை வாங்கி, புள்ளி புள்ளியாக அழகுபடுத்தி, ஆர அமரத் திரைக்கு அனுப்புகிறது. டிவியில் நாம் படும் தாமதத்தில் மிகப் பெரிய பங்கு அந்த அலங்காரத்துக்குச் செலவாகிற நேரம்தான்.

இதற்கு என்ன சான்று என்று கேட்பவர்களுக்குப் பழைய டியூப் டிவியே பதில் சொல்லும். துப்பாக்கியோடு வந்த வீடியோ கேம்களில் வாத்து சுடும் ஆட்டம் பலருக்கு நினைவிருக்கும். நின்டெண்டோவின் டக் ஹன்ட் 1984இல் வந்தது. விசையை இழுத்ததும் திரை ஒரு கணம் கருப்பாகும். அடுத்து, வாத்து இருந்த இடத்தில் மட்டும் ஒரு வெள்ளைக் கட்டம் மின்னும். துப்பாக்கி முனையில் இருக்கும் ஒளி உணரி அந்த வெளிச்சத்தை அதே நொடித்துணுக்கில் பார்த்துவிட்டால் வாத்து விழும். வெளிச்சம் சற்றுப் பிந்தி வந்தாலும் குறி தவறியதாகவே கேம் எண்ணிக்கொள்ளும். சாதாரண டியூப் டிவியில் இந்த ஆட்டம் பிசகில்லாமல் நடந்தது, ஏனென்றால் அங்கே சிக்னல் வந்த வேகத்திலேயே எலக்ட்ரான் கற்றை படத்தை வரைந்தது. எல்சிடி டிவியில் அந்தத் துப்பாக்கி வேலை செய்யாது. இதைச் சொல்லித்தான் “பார்த்தீர்களா, தட்டை டிவி என்றாலே லேக்” என்று முடிவு கட்டுகிறார்கள்.

அவர்கள் சொல்லாமல் விடும் செய்தி ஒன்று உண்டு. டியூப் டிவிகளின் கடைசிக் காலத்தில் 100 ஹெர்ட்ஸ் டியூப் டிவிகள் வந்தன. படம் நடுங்காமல் தெரிய வேண்டும் என்பதற்காக, வந்த படத்தை நினைவகத்தில் வாங்கி வைத்து இரட்டிப்பு வேகத்தில் திருப்பி வரையும் டிவிகள் அவை. அவற்றிலும் இந்த ஒளித் துப்பாக்கிகள் வேலை செய்யவில்லை. கண்ணாடியும் எலக்ட்ரான் கற்றையும் மாறவில்லை. நடுவில் ஒரு நினைவகமும் ஒரு செயலியும் புகுந்தன, அவ்வளவுதான். டியூப்பா எல்சிடியா என்பது இதில் முக்கியமே இல்லை. படத்தை யார் எவ்வளவு நேரம் கையில் பிடித்துவைத்திருக்கிறார்கள் என்பதுதான் கேள்வி.

இன்றைய டிவி பிடித்துவைத்திருக்கும் நேரம் சிறிதல்ல. பெட்டியிலிருந்து எடுத்து மாட்டியதும் பெரும்பாலான டிவிகள் ஸ்டாண்டர்ட் அல்லது விவிட் அமைப்பில் ஓடுகின்றன. சத்தம் போல் படத்தில் கலந்திருக்கும் புள்ளிகளைத் துடைப்பது, ஓரங்களைக் கூராக்குவது, இருட்டையும் வெளிச்சத்தையும் காட்சிக்குக் காட்சி மாற்றுவது, எல்லாவற்றுக்கும் மேலாக இரண்டு படங்களுக்கு நடுவே இல்லாத ஒரு படத்தைத் தானே கற்பனை செய்து செருகுவது என்று அத்தனையும் அதில் நடக்கிறது. கடைசியாகச் சொன்னதை ஒவ்வொரு நிறுவனமும் ஒவ்வொரு பெயரில் விற்கிறது: மோஷன் பிளஸ், ட்ரூமோஷன், மோஷன்ஃப்ளோ. பெயர் எதுவானாலும் கணக்கு ஒன்றுதான். முதல் படத்துக்கும் இரண்டாம் படத்துக்கும் நடுவே ஒன்றை வரைய வேண்டுமானால் இரண்டாம் படம் கைக்கு வந்திருக்க வேண்டும். அதுவரை முதல் படம் காத்திருந்தே ஆக வேண்டும். எவ்வளவு விலையுயர்ந்த செயலியை வைத்தாலும் இந்தக் காத்திருப்பைத் தவிர்க்க முடியாது. கிரிக்கெட் பார்க்கும்போது இதனால் யாருக்கும் நஷ்டமில்லை. பந்து பத்தில் ஒரு விநாடி தாமதமாக வந்தாலும் நாம் மட்டை பிடிக்கப் போவதில்லை. கேம் ஆடும்போது மட்டை நம் கையில் இருக்கிறது.

இந்த அலங்காரங்களோடு ஓடும் டிவியில் தாமதம் 50 மில்லி விநாடியைத் தாண்டுவது சாதாரணம். 100ஐத் தாண்டுபவையும் உண்டு. அதே டிவியில் கேம் மோடு போட்டால், அண்மை ஆண்டுகளில் வந்த டிவிகளில் பெரும்பாலும் 10 முதல் 15 மில்லி விநாடிக்குள் வந்துவிடுகிறது. ரிமோட்டில் சில பட்டன்கள், செலவு ஒரு பைசா இல்லை. ஒரு டிவி 100லிருந்து 12க்கு இறங்க முடியுமென்றால், அந்த 88ஐத் தின்றது பேனலாக எப்படி இருக்க முடியும்?

“மானிட்டர் இன்னும் குறைவாகத்தானே காட்டும்?” என்ற கேள்வி அடுத்து வரும். இந்த அளவீட்டைக் கொஞ்சம் விளங்கிக்கொண்டால் பதில் கிடைத்துவிடும். திரை ஒரே நொடியில் முழுதாக மாறுவதில்லை. மேலிருந்து கீழாக வரி வரியாக மாறுகிறது. 60 ஹெர்ட்ஸில் மேல் வரிக்கும் அடி வரிக்கும் நடுவே ஏறக்குறைய 16 மில்லி விநாடி இடைவெளி. ஆகவே திரையின் நடுவில் வைத்து அளந்தால் ஏறக்குறைய 8 மில்லி விநாடி, படம் அந்த இடத்துக்கு வந்து சேரவே போய்விடுகிறது. லியோ போட்னார் கருவி போன்றவை திரையின் மேல், நடு, கீழ் என மூன்று இடத்தில் கட்டங்களை மின்னவைத்து அளப்பது இதற்காகத்தான். நடுவில் 10 காட்டும் டிவி, உண்மையில் தன் செயலாக்கத்துக்கு எடுத்துக்கொண்டது சுமார் 2 மில்லி விநாடி. மிகச் சிறந்த கேமிங் மானிட்டருக்கும் அதே 60 ஹெர்ட்ஸில் விட்டுக் குறைக்க மிச்சமிருப்பது அந்த இரண்டு மூன்று மில்லி விநாடிகள்தான். பிஎஸ் 4 வைத்திருப்பவர் 144 ஹெர்ட்ஸ் மானிட்டர் வாங்கினாலும் அந்தக் கன்சோல் அனுப்பப்போவது விநாடிக்கு 60 படம் மட்டுமே. 144 என்ற எண் பெட்டியின் மேல் அழகாக இருக்கும்.

பெட்டியின் மேல் எழுதும் எண்களைப் பற்றிப் பேசாமல் இந்த விஷயத்தைக் கடக்க முடியாது. “1 மில்லி விநாடி” என்று பெரிய எழுத்தில் போடுகிறார்கள். ஒரு புள்ளி ஒரு சாம்பல் நிறத்திலிருந்து இன்னொரு சாம்பல் நிறத்துக்கு மாற எடுக்கும் நேரம் அது. நகரும் உருவத்தின் பின்னால் நிழல் இழுக்குமா இழுக்காதா என்பதைத்தான் அது சொல்லும். பட்டனுக்கும் படத்துக்கும் இடையேயுள்ள தாமதத்துக்கும் அதற்கும் உறவில்லை. 1 மில்லி விநாடி என்று அச்சிட்ட திரையிலும், உள்ளே செயலாக்கம் நீண்டால் பட்டனுக்கான பதில் பிந்தித்தான் வரும். ஓஎல்இடி திரையில் ஒரு புள்ளி மாற ஒரு மில்லி விநாடிகூட ஆவதில்லை. ஆனாலும் சினிமா மோடில் மோஷன் ஸ்மூதிங் ஓடவிட்டு அதில் கேம் ஆடினால் கை சேற்றில் சிக்கியதுபோல் இருக்கும். “மோஷன் ரேட் 240” போன்ற எண்கள் இன்னும் மோசம். அவை பேனல் விநாடிக்கு எத்தனை முறை மாறுகிறது என்ற எண்ணே இல்லை; விளம்பரத்துக்காக உருட்டிச் செய்தவை. வாங்குகிறவர் எதை அறிய வேண்டுமோ அந்த ஒன்றை விட்டுவிட்டு மற்றதையெல்லாம் அச்சிடுகிறார்கள். இதை நான் நேர்மையான வியாபாரம் என்று ஒப்புக்கொள்ள மாட்டேன்.

கேம் மோடு போட்டால் படம் கெட்டுவிடும் என்ற பேச்சும் உண்டு. ஒரு காலத்தில் அதில் உண்மை இருந்தது. பத்துப் பதினைந்து ஆண்டுகளுக்கு முன் வந்த சில டிவிகளில் கேம் மோடு நிறங்களை வெளிறச் செய்தது; அப்படிச் செய்தும் தாமதம் 40, 50 மில்லி விநாடியிலேயே நின்றது. அந்த நாளைய அனுபவத்தை இன்றைய டிவியின் மேல் ஏற்றிப் பேசுவது நியாயமில்லை. எந்த வேலைக்கு நேரம் பிடிக்கும், எதற்குப் பிடிக்காது என்று பிரித்துப் பார்த்தால் குழப்பம் தீரும். முன்னும் பின்னும் உள்ள படங்களை ஒப்பிட்டுச் செய்ய வேண்டிய வேலைகளுக்கு நேரம் பிடிக்கும்: நடுப்படம் செருகுவது, அசைவை ஒப்பிட்டுப் புள்ளிகளைத் துடைப்பது போன்றவை. ஒவ்வொரு புள்ளியையும் தனியே எடுத்து மாற்றினால் போதும் என்ற வேலைகளுக்கு நேரமே பிடிக்காது: வெளிச்சம், கான்ட்ராஸ்ட், நிறத்தின் அடர்த்தி, வெள்ளையின் சூடு. கேம் மோடில் படம் மங்கலாகத் தெரிந்தால் இந்த நான்கையும் விருப்பப்படி ஏற்றி இறக்கிக்கொள்ளலாம், தாமதம் கூடாது. விவிட் மோடின் நீலப் பளபளப்புக்குப் பழகிய கண்ணுக்கு முதல் இரண்டு நாள் எல்லாம் மஞ்சளாகத் தெரியும். மூன்றாம் நாள் பழைய மோடுதான் விகாரமாகத் தெரியும்.

எதிர்முனையிலிருந்து இன்னொரு வாதம் வரும்: இதெல்லாம் வெட்டிக் கணக்கு, மனிதன் ஒன்றைப் பார்த்துப் பட்டன் அமுக்கவே 200 மில்லி விநாடிக்கு மேல் ஆகிறது, அதில் 50 கூடினால் யாருக்குத் தெரியும்? கேட்க நியாயம்போல் இருக்கும் இந்த வாதம் இரண்டு வேறு விஷயங்களைப் போட்டுக் குழப்புகிறது. எதிர்பாராத ஒன்றுக்கு எதிர்வினை காட்ட 200 ஆகலாம். ஆனால் கேம் ஆடுவது முழுக்க எதிர்வினை இல்லை. காரைத் திருப்பும்போது கை செய்வதையும் கண் பார்ப்பதையும் மூளை விடாமல் ஒப்பிட்டுத் திருத்திக்கொண்டே இருக்கிறது. அந்த ஒப்பீட்டில் தாமதம் புகுந்தால் திருத்தம் தப்புகிறது. கார் வளைவில் மிஞ்சித் திரும்பி, பிறகு மறுபக்கம் மிஞ்சித் திரும்புகிறது. 2012இல் மைக்ரோசாஃப்ட் ஆய்வுக் குழுவைச் சேர்ந்த பால் டீட்ஸ் ஒரு தொடுபரப்பில் விரலால் ஒரு வெள்ளைக் கட்டத்தை இழுத்துக் காட்டினார். 100 மில்லி விநாடித் தாமதத்தில் கட்டம் விரலுக்குப் பின்னால் தொலைவில் ஓடிவந்தது. 10க்குக் குறைத்த பிறகும் விரலை வேகமாக நகர்த்தினால் இடைவெளி கண்ணுக்குத் தெரிந்தது. 1 மில்லி விநாடியில்தான் விரலோடு ஒட்டிக்கொண்டது. பார்த்தவர் எவரும் 50ஐ உணர முடியாது என்று சொல்லத் துணிய மாட்டார்.

இசைக் கேம் செய்தவர்கள் இதை எப்போதோ அறிந்திருந்தார்கள். தாளத்துக்குச் சரியாகப் பட்டன் அமுக்க வேண்டிய ஆட்டத்தில் டிவியின் தாமதம் ஆட்டத்தையே கொன்றுவிடும். அதனால் ராக் பேண்ட் போன்றவற்றில் ஆடுமுன் தாமதத்தை அளந்து சரிசெய்யும் பகுதியை வைத்தார்கள். 2008இல் ராக் பேண்ட் 2உடன் வந்த கிட்டாரில் ஓர் ஒளி உணரியையும் ஒரு மைக்கையும் பொருத்தினார்கள். கிட்டாரைத் திரைக்கு முன் பிடித்தால் அது டிவி படத்தில் எவ்வளவு பிந்துகிறது, ஒலியில் எவ்வளவு பிந்துகிறது என்று தானே அளந்துவிடும். ஒரு விளையாட்டுக் கிட்டாருக்குள் அளவுக் கருவி வைத்து விற்கும் அளவுக்குப் பிரச்சினை நிஜமாக இருந்தது. அதைக் கற்பனை என்று சொல்வது ஆடுகிறவர்களின் கையை அவமதிப்பது.

இவ்வளவும் சொன்ன பிறகு, பழியில் ஒரு பங்கை டிவியைவிட்டு வேறு இடங்களுக்கும் நகர்த்த வேண்டும். முதலில் கேம். டோனி ஹாக் கேம்களைச் செய்த நெவர்சாஃப்ட் நிறுவனத்தைத் தொடங்கியவர்களில் ஒருவரான மிக் வெஸ்ட், 2008இல் கன்ட்ரோலரையும் திரையையும் ஒரே சட்டகத்தில் கேமராவால் படம்பிடித்து, பட்டன் அமுங்கியதிலிருந்து திரை மாறும் வரை எண்ணிப் பார்த்தார். கிட்டார் ஹீரோ 3க்கு 60இல் 3 பங்கு விநாடி; ஜிடிஏ 4க்கு 60இல் 10 பங்கு, அதாவது 166 மில்லி விநாடி. கேமுக்கும் கேமுக்கும் இடையேயே நூறு மில்லி விநாடிக்கு மேல் வேறுபாடு இருக்கும்போது, மானிட்டர் தரும் மூன்று மில்லி விநாடிக்காகப் பல ஆயிரம் செலவழிப்பதில் என்ன பொருள்? 30 பிரேமில் ஓடும் கேமில் ஒவ்வொரு படமும் 33 மில்லி விநாடி நிற்கிறது. பிஎஸ் 5இலும் எக்ஸ்பாக்ஸிலும் பல கேம்களில் குவாலிட்டி, பெர்ஃபாமன்ஸ் என்று இரண்டு தேர்வு தருகிறார்கள். பெர்ஃபாமன்ஸைத் தேர்ந்தெடுத்தால் புற்களின் அடர்த்தி கொஞ்சம் குறையும். கைக்குக் கிடைக்கும் வேகம் எந்தப் புது மானிட்டரும் தராத அளவுக்குக் கூடும்.

போனில் ஆடும் கேமை வயர்லெஸாக டிவிக்கு அனுப்பிவிட்டு டிவியைத் திட்டுகிறவர்களும் இருக்கிறார்கள். அங்கே படம் சுருக்கப்பட்டு, வைஃபையில் பயணித்து, மறுபடி விரிக்கப்பட்டுத்தான் வருகிறது. எந்த மோடும் அதைக் காப்பாற்றாது. புளூடூத் ஹெட்செட்டில் வெடிச் சத்தம் பிந்திக் கேட்பதற்கும் டிவி பொறுப்பில்லை. கன்ட்ரோலரிலேயே வயர் ஹெட்போனைச் செருகினால் தீரும். சவுண்ட்பார் வைத்திருப்பவர்கள் கன்சோலின் ஒலி அமைப்பில் டால்பியை விட்டு பிசிஎம் வைத்துப் பார்க்கலாம். தங்க முலாம் பூசிய கேபிள் லேக்கைக் குறைக்கும் என்று யாராவது சொன்னால் அவரிடம் எதையும் வாங்க வேண்டாம். வீட்டில் பயன்படும் நீளத்துக்கு நல்ல கேபிளும் மலிவுக் கேபிளும் சிக்னலைக் கடத்த எடுப்பது நானோ விநாடிகள்தான். இணையத்தின் மேல் போடும் பழி தனி. கேமின் மூலையில் பிங் 30 என்று எண் தெரிகிறது, ஆகவே எல்லாக் கோபமும் அதன் மேல் போகிறது. டிவி தின்னும் 80 எங்கும் தெரிவதில்லை.

சரி, டிவியில் செய்ய வேண்டியது என்ன? கன்சோல் செருகிய எச்டிஎம்ஐ உள்ளீட்டுக்குப் போய்க் கேம் மோடைப் போடுங்கள். பல டிவிகளில் இந்த அமைப்பு உள்ளீட்டுக்கு உள்ளீடு தனித்தனியாகப் பதிவாகும். ஆகவே செட்டாப் பாக்ஸில் சீரியல் பார்க்கிறவருக்கு எதுவும் மாறாது. 2017இல் அறிவிக்கப்பட்ட எச்டிஎம்ஐ 2.1இல் ஏஎல்எல்எம் என்ற வசதி வந்தது: நான் கேம் அனுப்புகிறேன் என்று கன்சோலே டிவியிடம் சொல்லும், டிவி தானாகக் கேம் மோடுக்குப் போய்விடும். அதை நம்பி இருந்துவிட வேண்டாம். பிஎஸ் 4 போன்ற பழைய கருவிகள் அந்தச் செய்தியை அனுப்புவதில்லை, சில டிவிகளில் அது முடக்கியே வருகிறது. ஒரு முறை மெனுவைத் திறந்து கண்ணால் பார்த்துவிடுங்கள். எல்ஜி டிவிகளில் கேம் ஆப்டிமைசருக்குள் தாமதத்தைக் குறைக்கும் அமைப்புக்கு பூஸ்ட் என்று ஒரு நிலை உண்டு. 60 ஹெர்ட்ஸ் கேமுக்கு இன்னும் சில மில்லி விநாடியை மீட்டுத் தரும். கணினியை இணைப்பவர்கள் அந்த உள்ளீட்டுக்கு பிசி என்று பெயர் மாற்றிவிட்டால் சாம்சங், எல்ஜி டிவிகளில் எழுத்துகளின் ஓரமும் தெளிவாகும். 4கே 120 ஹெர்ட்ஸ் வேண்டுமென்றால், நான்கு துளைகளில் எது அதைத் தாங்கும் என்று பாருங்கள். பல டிவிகளில் இரண்டுதான் தாங்கும்.

மானிட்டரோ புது டிவியோ வாங்குவதே எப்போதும் வீண் என்று நான் சொல்லவில்லை. பிஎஸ் 2ஐப் பத்திரமாக வைத்திருந்து புது டிவியில் மாட்டுகிறவர்களின் புகார் உண்மையானது. அதிலிருந்து வருவது ஒற்றை வரி, இரட்டை வரியாகப் பிரிந்த அனலாக் படம். அதை ஒன்றுசேர்த்து விரிக்கும் வேலையைக் கேம் மோடிலும் டிவி தவிர்க்க முடியாது. 2001இல் வந்த சூப்பர் ஸ்மாஷ் பிரதர்ஸ் மெலீயை இன்றும் போட்டிகளில் ஆடுகிறவர்கள் டியூப் டிவிகளைத் தூக்கிக்கொண்டு அலைவது வெறும் பழமைப் பற்றல்ல. அவர்கள் ஆட்டத்தில் ஒரு பிரேம் வெற்றி தோல்வியைத் தீர்மானிக்கும். போட்டிகளில் சண்டைக் கேம் ஆடுகிறவருக்கு 120 ஹெர்ட்ஸ் திரை நிஜமான ஆதாயம்: படம் 8.3 மில்லி விநாடிக்கு ஒன்றாக வருகிறது, ஸ்ட்ரீட் ஃபைட்டர் 6இல் அதற்கென்றே தாமதக் குறைப்பு அமைப்பு இருக்கிறது. ஆனால் மாலையில் ஒரு மணி நேரம் கால்பந்தோ கார் பந்தயமோ ஆடுகிற வீட்டுக்கு இந்த ஆலோசனையை அப்படியே தூக்கிக் கொடுப்பதைத்தான் எதிர்க்கிறேன்.

என் சொல்லை நம்பவும் வேண்டாம். இன்று பெரும்பாலான போன்களில் விநாடிக்கு 240 படம் எடுக்கும் ஸ்லோ மோஷன் இருக்கிறது. கன்ட்ரோலரையும் திரையையும் ஒரே சட்டகத்தில் வைத்து, குதிக்கும் பட்டனை அமுக்கிப் படம்பிடியுங்கள். விரல் அடிவரை போனதிலிருந்து பாத்திரம் அசையும் வரை எத்தனை படம் என்று எண்ணி 4.2ஆல் பெருக்கினால் மொத்தத் தாமதம் மில்லி விநாடியில் கிடைக்கும். சில முறை எடுத்துச் சராசரி பாருங்கள். பிறகு கேம் மோடை அணைத்துவிட்டு அதையே செய்யுங்கள். இரண்டுக்கும் உள்ள வேறுபாடு, கம்பெனியிலிருந்து வந்த அமைப்பு உங்கள் கையிலிருந்து பிடுங்கிக்கொண்ட நேரம்.

இந்தியாவில் விற்கும் டிவியின் மேல் நட்சத்திர முத்திரை ஒட்டியிருக்கிறது. ஆண்டுக்கு எத்தனை யூனிட் மின்சாரம் தின்னும் என்று அது சொல்கிறது. அதன் பக்கத்திலேயே இரண்டு எண்களை அச்சிட நிறுவனங்களுக்கு என்ன தடை? கம்பெனி அமைப்பில் 60 ஹெர்ட்ஸில் தாமதம் இவ்வளவு, கேம் மோடில் இவ்வளவு. அளக்கும் கருவி உள்ளங்கையில் அடங்கும், அளக்க ஒரு நிமிடம் போதும். அந்த எண்கள் அச்சாகும் வரை, புது டிவி வாங்கப் போகிறவர்கள் கன்சோலையும் போனையும் கடைக்கே எடுத்துப் போகலாம். காட்சிக்கு வைத்திருக்கும் டிவியில் மாட்டி, கேம் மோடு போட்டு, படம்பிடித்து எண்ணிப் பார்க்க விடச் சொல்லுங்கள். விடாத கடையில் வாங்காதீர்கள்.